கை தூக்கினால் சட்டம்! சுவிஸ் ஊர்க்கூட்டத்துக்குள் ஒரு திருட்டுப் பார்வை

நவம்பர் இரவு, மணி எட்டாகப் போகிறது. சூரிச் பக்கத்துக் கிராமம் ஒன்று. பள்ளிக்கூடத்து உடற்பயிற்சிக் கூடத்தில் நாற்காலிகளை வரிசையாகப் போட்டாயிற்று. மைக் தயார். கூட்டம் முடிந்ததும் எல்லோருக்கும் ஊற்றிக் கொடுக்கப் பின்னால் வைன் பாட்டில்களும் தயார்! கதவு திறந்தேதான் இருக்கிறது, வாருங்கள், உள்ளே நுழைந்துவிடலாம். ஒன்றே ஒன்று: நமக்கு இங்கே ஓட்டு கிடையாது. அதனால் ஓரத்தில் தனியாகப் போட்டிருக்கும் இருக்கைகளில்தான் உட்கார வேண்டும். பத்திரிகைக்காரர்களுக்கும் அதே இடம்தான்.

தலைவர் எழுந்ததும் முதல் வேலை, ஓட்டுரிமை இல்லாத யாராவது வாக்காளர் வரிசையில் உட்கார்ந்திருக்கிறார்களா என்று கேட்பது. அடுத்து, வாக்கு எண்ணுகிறவர்களைச் சபையே தேர்ந்தெடுக்கிறது. ஆளுக்கொரு பகுதி நாற்காலிகள் அவர்கள் பொறுப்பு. அப்புறம் நேராக பட்ஜெட்! பள்ளிக்குப் புதுக் கூரை வேண்டுமா, தீயணைப்பு வண்டி வாங்கலாமா, குளத்துக்கரைப் பாதையை அகலப்படுத்தலாமா? ஓட்டுரிமை உள்ள யார் வேண்டுமானாலும் எழுந்து பேசலாம், திருத்தம் கொண்டுவரலாம். முன்கூட்டியே எழுத்தில் கேள்வி அனுப்பியிருந்தால் ஊர்நிர்வாகம் இங்கே, எல்லோர் முன்னாலும் பதில் சொல்லியாக வேண்டும். பிறகு கைகள் உயர்கின்றன. அவ்வளவுதான், முடிந்தது!

இந்தக் கூட்டத்தில் உங்களுக்குப் பதிலாகக் கை தூக்க உறுப்பினர் என்று ஒருவர் இல்லை. உட்கார்ந்திருக்கும் பால்பண்ணைக்காரர், பல் மருத்துவர், பஸ் ஓட்டுநர், ஓய்வுபெற்ற ஆசிரியை எல்லோரும் சேர்ந்ததுதான் ஊரின் சட்டமன்றம். சுவிட்சர்லாந்தில் ஐந்தில் நான்கு ஊர்கள் இப்படித்தான் நடக்கின்றன. பெரிய நகரங்களும், பிரெஞ்சு பேசும் பகுதியின் பல ஊர்களும் தேர்ந்தெடுத்த மன்றம் வைத்துக்கொள்கின்றன. ஊர்க்கூட்டம் கூடும் பல இடங்களில் நூற்றுக்குப் பத்துப் பேர்கூட வருவதில்லை என்பது உண்மை. அதை நினைத்தால் எனக்கு வருத்தமாகவே இருக்கிறது. ஆனால் பள்ளிக்கூடத்தை மூடுவது, வரியை ஏற்றுவது என்று விஷயம் சூடானால் பாருங்கள், உட்கார நாற்காலி கிடைக்காது!

மேடையில் இருப்பவர்கள் யார்? இதுதான் எனக்கு மிகவும் பிடித்த இடம். ஊரை நடத்தும் குழுவில் பெரும்பாலும் ஐந்து அல்லது ஏழு பேர். ஒருவர் கையில் பள்ளிகள், ஒருவர் கையில் கட்டட அனுமதி, ஒருவர் கையில் பணம். சிறிய ஊர்களில் இவர்களில் ஏறக்குறைய யாருக்கும் இது முழுநேர வேலை இல்லை. பகலெல்லாம் தங்கள் தொழிலைப் பார்த்துவிட்டு, மாலையில் கோப்புகளைத் தூக்கிக்கொண்டு ஊர்மன்றக் கட்டடத்துக்கு வருகிறார்கள். உள்ளே எவ்வளவு சண்டை போட்டாலும் வெளியே வந்தால் ஒரே குரலில்தான் பேச வேண்டும். முழுநேரமும் அங்கேயே இருப்பவர் ஊர்ச் செயலாளர். சட்டப் பிரிவு எது, கடைசித் தேதி எது, பத்து ஆண்டுக்கு முன் இதே விஷயத்தில் என்ன முடிவானது, எல்லாம் அவருக்கு அத்துப்படி. ஓர் ஊரின் உள்விஷயம் தெரிய வேண்டுமா? அவரைத்தான் கேட்க வேண்டும்.

ஆள் கிடைக்காவிட்டால்? ஊரி மாநிலத்தில் அதற்கும் வழி வைத்திருக்கிறார்கள்: தேர்ந்தெடுத்துவிட்டால் ‘எனக்கு வேண்டாம்’ என்று சும்மா சொல்லிவிட முடியாது, பதவியை ஏற்றே ஆக வேண்டும்! நாமெல்லாம் பதவிக்கு அடித்துக்கொள்வதைப் பார்த்தே வளர்ந்தவர்கள். இதைக் கேட்டதும் தூக்கிவாரிப் போடவில்லையா?

இந்த ஊர் அமைப்புக்கு ஜெர்மன் பேசும் பகுதியில் கெமைண்டே என்று பெயர். நாட்டில் 26 கான்டன்கள், அதாவது மாநிலங்கள். அவற்றுக்கு அடியில் 2,100-க்குக் கொஞ்சம் கூடுதலாக கெமைண்டேக்கள். நான்கு லட்சத்துக்கு மேல் மக்கள் வாழும் சூரிச் நகரமும் ஒரு கெமைண்டே. முப்பது சொச்சம் பேரே வாழும் காமர்ஸ்ரோர் என்ற குக்கிராமமும் ஒரு கெமைண்டே. அரசியல் சாசனத்தின் 50-ஆம் பிரிவு ஊர்களின் தன்னாட்சிக்கு உத்தரவாதம் தருகிறது. அது எவ்வளவு தூரம் செல்லும் என்பதை அந்தந்த மாநிலச் சட்டம் தீர்மானிக்கிறது. அதனால்தான் மாநிலத்துக்கு மாநிலம் ஊர்களின் முகமே மாறிவிடுகிறது.

அதிகாரம் வெறும் பேச்சா, நிஜமா என்று பார்க்க நேராகக் கல்லாப்பெட்டியைத் திறந்துவிடுவோம். வருமான வரி இங்கே மூன்று இடத்துக்குப் போகிறது: மத்திய அரசு, மாநிலம், ஊர். மாநிலம் ஓர் அடிப்படை வரியைக் கணக்கிட்டுக் கொடுக்கும். அதில் நூற்றுக்கு எத்தனை தனக்கு வேண்டும் என்று ஒவ்வொரு ஊரும் ஆண்டுதோறும் தானே முடிவு செய்கிறது! சூரிச் நகரம் பல ஆண்டுகளாக 119 என்று வைத்திருக்கிறது. அதே ஏரிக்கரையில் பணக்காரர்கள் குடியிருக்கும் கிராமங்கள் சிலவற்றில் அது எண்பதுக்கும் கீழே. சில கிலோமீட்டர் தள்ளி வீடு மாறினாலே வரி மாறிவிடும்.

2011-இல் க்ளென்கோர் என்ற சுரங்க, சரக்கு வணிக நிறுவனம் பங்குச் சந்தைக்கு வந்தது. அதன் தலைமை நிர்வாகி ஐவன் கிளாசன்பெர்க் குடியிருந்தது சூரிச் ஏரிக்கரையின் ரூஷ்லிக்கோனில். வரியாகப் பணம் கொட்டியது! ஊர்க்கூட்டம் வரி விகிதத்தை 7 புள்ளி குறைத்தது. பணக்கார ஊர்களின் வருவாயில் ஒரு பகுதி மாநிலத்தின் சமன்படுத்தும் ஏற்பாட்டின்படி மற்ற ஊர்களுக்குப் போகும் என்பதால், ஹெடிங்கன் என்ற கிராமத்துக்கும் பங்கு வந்தது. அங்கேதான் சிலர் எழுந்து கேட்டார்கள்: சுரங்கம் தோண்டப்பட்ட நாடுகளின் மக்களுக்கு இதில் ஒன்றும் இல்லையா? 2013 செப்டம்பரில் ஊரே வாக்களித்தது. ஆதரவு 764, எதிர்ப்பு 662. அந்தச் சுரங்க நாடுகளில் வேலை செய்யும் தொண்டு அமைப்புகளுக்கு 1,10,000 பிராங்க் போனது. ஒரு கிராமம் உலக வணிகத்தைப் பற்றித் தன் கருத்தை வாக்குச்சீட்டில் எழுதிக் காட்டியிருக்கிறது! இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு எழுந்து நின்று கைதட்டத் தோன்றுகிறது.

ஊருக்குள் இருந்து கிளம்பிய துணிச்சலில் உண்டர்பெஹ் கதைக்கு ஈடில்லை. வலே மாநிலத்து மலைக்கிராமம் அது. 1957 மார்ச்சில் பெண்களுக்கும் கட்டாயக் குடிமைப் பாதுகாப்புப் பணி வேண்டுமா என்று நாடு தழுவிய வாக்கெடுப்பு. பெண்களுடைய விஷயம், ஆனால் ஓட்டுப் போடுவது ஆண்கள் மட்டும்! அந்த ஊர்மன்றம் ஒப்பவில்லை, பெண்களையும் வாக்களிக்க அழைத்தது. 33 பெண்கள் வந்து தனிப் பெட்டியில் சீட்டுப் போட்டார்கள். முதலில் போட்டவர் ஊர்த்தலைவரின் மனைவி கத்தரீனா சென்ஹ்யூசர்ன். அந்தச் சீட்டுகள் கணக்கில் சேரவில்லை. நாடு முழுவதும் பெண்களுக்கு ஓட்டு வர 1971 ஆகிவிட்டது. ஆனாலும் பார்த்தீர்களா, வரிசையில் முதலில் நின்றது ஒரு மலைக்கிராமம்!

இன்னொரு கதவைத் திறப்போம். இது நம்மவர்களுக்கு நெருக்கமானது. சுவிஸ் குடிமகன் என்றால் யார்? சாசனத்தின் 37-ஆம் பிரிவு சொல்கிறது: ஓர் ஊரின் குடியுரிமையும் அதன் மாநிலக் குடியுரிமையும் உள்ளவர். ஊர்தான் வாசல்படி! அதனால் சுவிஸ் பாஸ்போர்ட்டில் பிறந்த இடமே இருக்காது; குடியுரிமை தந்த ஊரின் பெயர்தான் இருக்கும். யாழ்ப்பாணத்தில் பிறந்து, போருக்குத் தப்பி வந்து, குடியுரிமை பெற்ற ஈழத்தமிழரின் பாஸ்போர்ட்டிலும் இப்படி ஏதோ ஒரு சுவிஸ் கிராமத்தின் பெயர் அச்சாகியிருக்கிறது. அவர் பிள்ளைக்கும் பேரப்பிள்ளைக்கும் அந்த ஊர்ப்பெயரே தொடரலாம்.

வாசல்படியில் நிற்பவரை ஊரார் விரட்டவும் முடிந்தது. 2000-இல் எம்மன் என்ற ஊரில் 56 பேரின் குடியுரிமை விண்ணப்பங்களை வாக்குப்பெட்டிக்கு அனுப்பினார்கள். தேறியவர்கள் எட்டே பேர், எல்லோரும் இத்தாலியர். பால்கன் நாடுகளிலிருந்து வந்தவர்களுக்கு ஒரே பதில்: கிடையாது. கொதித்துப் போக வேண்டிய விஷயம் இது. 2003-இல் உச்ச நீதிமன்றம் தலையிட்டது. மறுக்கிறவர் காரணம் சொல்லியாக வேண்டும். ரகசிய வாக்குச்சீட்டு காரணம் சொல்லாது. ஆகவே அந்த முறை செல்லாது. அருமையான தீர்ப்பு!

ஊர் ஒன்று மாநிலத்தையே மாற்றிக்கொள்ளுமா? மாற்றியிருக்கிறது! பெர்ன் மாநிலத்தில் இருந்த பிரெஞ்சு பேசும் மூட்டியே நகரம் யூரா மாநிலத்தோடு சேர 2017-இல் வாக்களித்தது. முறைகேட்டுப் புகாரில் அது ரத்தாயிற்று. விடவில்லை, 2021-இல் மறுபடி வாக்களித்து வென்றது. 2026 ஜனவரி 1 முதல் மூட்டியே யூரா மாநிலத்து ஊர்.

கடைசியாக உங்களைக் கிளாருஸுக்கு இழுத்துப் போகாமல் விடமாட்டேன். அங்கே மாநிலமே ஊர்க்கூட்டமாகக் கூடுகிறது, மே மாத முதல் ஞாயிறு, திறந்தவெளியில்! மரப்பலகை வளையத்தில் மக்கள், நடுவில் மேடையைச் சுற்றிக் குழந்தைகள், மேடையில் வாளில் கையூன்றியபடி மாநிலத் தலைவர். வாக்கை எண்ணுவது கிடையாது. மக்கள் உயர்த்தும் வாக்கு அட்டைகளைக் கண்ணால் பார்த்து எந்தப் பக்கம் அதிகம் என்று அவரே சொல்வார். சந்தேகம் வந்தால் சக அமைச்சர்களைக் கூப்பிட்டுக் கேட்பார். சொன்னால் சொன்னதுதான்.

2006 மே 7. மாநிலத்தில் 25 ஊர்கள். பள்ளிக்கு, ஏழையர் உதவிக்கு என்று தனித்தனி அமைப்புகள் வேறு. எல்லாவற்றையும் பத்து ஊர்களாகச் சுருக்கலாம் என்பது அரசின் திட்டம். அதுவே பெரிய வெடிகுண்டு! அப்போது சாதாரணக் குடிமகன் ஒருவர் மேடையேறினார். பத்து எதற்கு, மூன்று போதும் என்றார். அட்டைகள் உயர்ந்தன. மூன்றே வென்றது! அமைச்சர்களே திகைத்துப் போனார்கள். ஊர்ப்பெயரில் உயிரை வைத்திருக்கும் மக்கள் ஒரே காலையில் தங்கள் ஊர்களைக் கலைத்துவிட்டார்கள். எதிர்த்தவர்கள் விட்டுவிடவில்லை. 2007 நவம்பரில் சிறப்புக் கூட்டம் கூட்டி மறுபடி கேட்டார்கள். மக்கள் இன்னும் பெரிய ஆதரவோடு அதே முடிவைச் சொன்னார்கள். அந்தக் கூட்டத்தில் 16 வயதுப் பிள்ளைகளுக்கும் ஓட்டு இருந்தது. அதே ஆண்டு மே மாதம், இதே திடலில், நாட்டிலேயே முதல்முறையாகக் கொடுத்த உரிமை அது.

2011 ஜனவரி 1. வடக்கு கிளாருஸ், கிளாருஸ், தெற்கு கிளாருஸ் என மூன்று கெமைண்டேக்கள் கண்விழித்தன. தெற்கு கிளாருஸ் அன்று பரப்பளவில் நாட்டிலேயே மிகப் பெரிய கெமைண்டே!