தாராவித் தொழில்களும் நெருக்கடிகளும்

மும்பையில் பொழுது புலர்வதற்கு முன்பே தாராவியின் சந்துகளில் இட்லி வேகத் தொடங்கிவிடுகிறது. வெந்த இட்லிகள் பெரிய அலுமினியப் பாத்திரங்களில் அடுக்கப்பட்டு, சட்னி, சாம்பாருடன் மிதிவண்டிகளில் ஏறி, மாட்டுங்கா, சயான், செம்பூர் எனப் பல திசைகளுக்கும் புறப்படுகின்றன. மிதிவண்டியின் ஊதொலியைக் கேட்டே இட்லிக்காரர் வந்துவிட்டார் என்பதைக் குடியிருப்புகளில் உள்ளோர் அறிந்துகொள்வர். பாத்திரம் முற்பகலுக்குள் காலியாகிவிட வேண்டும். இல்லையேல் அன்றைய உழைப்பும் அதில் இட்ட முதலும் வீணாகிவிடும்.

இத்துணைச் சிறிய தொழிலுக்கும் முதல் உண்டு, கடன் உண்டு, வாடிக்கையாளர் உண்டு. ஆகவே நெருக்கடியும் உண்டு. பெரிய நிறுவனங்கள் நெருக்கடியைச் சமாளிப்பதற்கென்றே தனித் துறை வைத்துக்கொள்கின்றன. அவற்றுக்கு மாற்று அலுவலகம் இருக்கும், காப்பீடு இருக்கும், கணக்குகளின் நகல் வேறோர் ஊரிலும் இருக்கும். பத்தடிக்குப் பத்தடி அறையில் தொழில் நடத்துபவரிடம் இவற்றுள் எதுவும் இராது. ஆயினும் தாராவியின் தொழில்கள் கடந்த இருபது ஆண்டுகளில் பலமுறை வீழ்ந்து, பலமுறை எழுந்திருக்கின்றன. அவை எவ்வாறு எழுந்தன என்பது அறியத்தக்கது.

தாராவியின் பரப்பு இரண்டு சதுர கிலோமீட்டருக்குச் சற்றே மிகுதி. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதி முதல் திருநெல்வேலிச் சீமையிலிருந்து வந்த தமிழர் இங்குத் தோல் பதனிடும் தொழிலில் ஈடுபட்டனர். குஜராத்தின் சௌராட்டிரப் பகுதியிலிருந்து வந்த குயவர் கும்பார்வாடாவை அமைத்தனர். பின்னர்த் தையல், நெகிழி மறுசுழற்சி, முறுக்கு முதலிய தின்பண்டத் தயாரிப்பு என ஆயிரக்கணக்கான பணிக்கூடங்கள் தோன்றின. மும்பை வழக்கில் இத்தகைய பணிக்கூடத்தை ‘காலா’ என்பர். ஒரு காலாவில் தோலை வெட்டுவர். அடுத்த சந்தில் அதனைத் தைப்பர். இடைவாருக்குரிய உலோகப் பூட்டு வேறொரு கூடத்திலிருந்து வரும். அட்டைப்பெட்டி இன்னொருவரிடமிருந்து வரும். ஒருவர் செய்த பொருளே அடுத்தவருக்கு மூலப்பொருள். இந்தப் பிணைப்பை நினைவில் கொண்டால்தான் பின்னர் நிகழ்ந்தவை விளங்கும்.

2005ஆம் ஆண்டு ஜூலை 26 அன்று மும்பையில் பெய்த மழையைப் பெரியவர்கள் இன்றும் மறக்கவில்லை. சாந்தாகுரூசு வானிலை நிலையத்தில் 24 மணி நேரத்தில் 944 மில்லிமீட்டர் மழை பதிவாயிற்று. அதே நாளில் நகரின் தென்கோடியில் உள்ள கொலாபாவில் பதிவானதோ 73 மில்லிமீட்டர்தான். ஒரே நகரின் ஒரு பகுதி மூழ்க, மறுபகுதி நனைந்ததோடு நின்றது. பவாய், விகார் ஏரிகளின் பக்கமிருந்து வரும் மித்தி ஆறு, தாராவியை ஒட்டிச் சென்று மாகிம் கழிமுகத்தில் கடலோடு கலக்கிறது. அன்று கடலின் ஏற்றமும் மழையும் ஒருங்கே வந்தமையால், ஆற்று நீர் கடலுக்குள் செல்ல இயலாமல் ஊருக்குள் திரும்பியது. தொடர்வண்டிகள் நின்றன. நகரில் நானூற்றுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர்.

தாழ்வான சந்துகளில் இருந்த பணிக்கூடங்களுக்குள் சேறும் கழிவுநீரும் புகுந்தன. நனைந்த தோல் விறைத்துப் போகும்; துணியில் கறை படியும்; மோட்டாருக்குள் நீர் புகுந்தால் தையல் இயந்திரம் ஓடாது. ஆனால் சிறுதொழிலை அழிப்பது பெரும்பாலும் நனைந்த பொருள் அன்று. மூடிக் கிடக்கும் நாட்களே. பொருள் ஒருமுறை நட்டமாகிறது. மூடிய கூடமோ ஒவ்வொரு நாளும் நட்டத்தைக் கூட்டுகிறது. வாடகை நிற்பதில்லை. வட்டியும் நிற்பதில்லை. குறித்த நாளில் சரக்கு வராவிட்டால், வாங்குபவர் வேறொருவரைத் தேடிச் சென்றுவிடுவார். ஆகவே “எவ்வளவு இழந்தோம்?” என்பதைக் காட்டிலும் “எத்தனை நாளில் திறப்போம்?” என்னும் வினாவே முதன்மையானது.

இவ்வினாவை முன்னிட்டுச் செய்யப்படும் ஏற்பாடுகள் பார்வைக்கு மிக எளியவை. தாழ்வான இடங்களில் இயந்திரத்தைச் செங்கல் மேடையின்மேல் வைப்பர். மின் இணைப்புப் பெட்டியை ஆள் உயரத்துக்கு மேலே பொருத்துவர். வாசலில் ஓரடி உயரத்துக்குத் தடுப்புச்சுவர் கட்டுவர். சூன் மாதம் பிறக்குமுன் சரக்கைப் பரணுக்கு ஏற்றிவிடுவர். கணக்கேடு, வாடகை ஒப்பந்தம், குடும்ப அட்டை ஆகியவற்றை நெகிழி உறையில் இட்டு, பரணிலும் உயரமான மூலையில் வைப்பர். இவை வெள்ளத்தைத் தடுப்பதில்லை. ஆனால் வெள்ளம் வடிந்த பின் ஒரு மாதம் மூடிக் கிடக்க வேண்டிய கூடத்தைச் சில நாட்களிலேயே திறக்க உதவுகின்றன. மாட்டுங்காவை அடுத்த கிங்ஸ் சர்க்கிள், காந்தி மார்க்கெட் பகுதிகளில் கனமழைதோறும் நீர் தேங்குவதைக் கண்டவர்களுக்கு இந்த வாசல் தடுப்பின் அருமை நன்கு தெரியும்.

எனினும், அடுத்து வந்த நெருக்கடிகள் வாசல் வழியாக வரவே இல்லை.

2015 மார்ச்சில் மகாராஷ்டிர மாநிலத்தில் எருதுகளை அறுப்பதற்குத் தடை விதிக்கும் சட்டத் திருத்தம் நடைமுறைக்கு வந்தது. தோல் தொழிலுக்கு மூலப்பொருள் குறைந்தது. பலர் எருமைத் தோலுக்கும் ஆட்டுத் தோலுக்கும் செயற்கைத் தோலுக்கும் மாறினர். பிற மாநிலங்களிலிருந்தும் தோலை வருவித்தனர். அடுத்த ஆண்டு நவம்பர் 8 அன்று இரவு, 500 ரூபாய், 1,000 ரூபாய்த் தாள்கள் செல்லாது என அறிவிக்கப்பட்டது. புழக்கத்தில் இருந்த பணத்தின் மதிப்பில் 86 விழுக்காடு அத்தாள்களே. கூலி முதல் கொள்முதல் வரை அனைத்தையும் ரொக்கமாகவே நடத்திய சிறுதொழில்களில் வேலை இருந்தது, ஆள் இருந்தனர், கொடுக்கத்தான் பணம் இல்லை. செங்கல் மேடையும் பரணும் இங்கே என்ன செய்யும்? வங்கிக் கணக்கு வைத்திருந்தவர்களும், “பணம் பின்னர்த் தருக” என்று சொல்லிச் சரக்குக் கொடுக்கும் வணிகரைப் பெற்றிருந்தவர்களுமே அந்த வாரங்களை ஓரளவு எளிதாகக் கடந்தனர்.

2020இல் வந்ததோ இவை அனைத்தினும் பெரியது. மார்ச் 25 முதல் நாடெங்கும் ஊரடங்கு நடைமுறைக்கு வந்தது. ஏப்ரல் 1 அன்று தாராவியில் கொரோனா தொற்று முதன்முதலாகக் கண்டறியப்பட்டது. வீட்டுக்கு வீடு சுவர் ஒட்டிய இடம். பலர் சேர்ந்து பயன்படுத்தும் பொதுக் கழிப்பறைகள். “தள்ளி நில்லுங்கள்” என்று சொன்னால், எங்கே தள்ளி நிற்பது? மாநகராட்சிப் பணியாளரும் தனியார் மருத்துவரும் வீடு வீடாகச் சென்று காய்ச்சல் உள்ளவர்களைத் தேடிக் கண்டறிந்தனர். பள்ளிகளும் மண்டபங்களும் தனிமைப்படுத்தும் இடங்களாயின. தொற்று படிப்படியாகக் குறைந்தது. சூலை 10 அன்று உலக நலவாழ்வு நிறுவனத்தின் தலைமை இயக்குநர், தொற்றைக் கட்டுப்படுத்த இயலும் என்பதற்குத் தாராவியையும் ஓர் எடுத்துக்காட்டாகக் குறிப்பிட்டார்.

நோய் அடங்கியது; தொழில் அடங்கியே கிடந்தது. மே மாதம் முதல் இயக்கப்பட்ட சிறப்புத் தொடர்வண்டிகளில் தொழிலாளர்கள் கூட்டம் கூட்டமாகச் சொந்த ஊர்களுக்குத் திரும்பிவிட்டனர். நாள்தோறும் 70 இலட்சத்துக்கும் மேற்பட்டோரைச் சுமந்த புறநகர்த் தொடர்வண்டிகள் பொதுமக்களுக்கு ஓடவில்லை. 2021 பிப்ரவரியில்தான், அதுவும் குறித்த சில நேரங்களில் மட்டும், அனைவரும் ஏற இசைவு கிடைத்தது. அலுவலகத்துக்குச் செல்வோர் இல்லையெனில் காலை இட்லியை வாங்குவோர் யார்? அரைத்த மாவைப் பரணில் ஏற்றிக் காக்க இயலாது; மறுநாள் அது புளித்துவிடும். மாட்டுங்கா நிலையத்தருகே மல்லிகையும் வாழையிலையும் விற்போரின் நிலையும் இதுவே. அப்பகுதியின் பழைய தென்னிந்திய உணவகங்கள் 2020 அக்டோபர் வரை பொட்டலம் மட்டுமே கட்டித் தர முடிந்தது. இலை போட்டுப் பரிமாறிப் பெயர்பெற்ற இடத்தில் பொட்டலம் என்பது பாதித் தொழில்தான்.

இந்தக் காலத்தில் முதலில் மீண்டவர்கள், செய்யும் பொருளை மாற்றிக்கொள்ள முடிந்தவர்கள். சட்டை தைத்த கூடங்கள் சில முகக்கவசமும், மருத்துவப் பணியாளருக்கான பாதுகாப்பு உடையும் தைக்கத் தொடங்கின. இயந்திரம் அதுவே, கை அதுவே, பொருள் மட்டும் புதியது. தோற்பை செய்வோருக்கு இவ்வழி இல்லை. பயணமும் பரிசளிப்பும் நின்ற நாட்டில் பை எவருக்கு வேண்டும்? ஆகவே நெருக்கடியில் மீள்வது திறமையை மட்டும் பொறுத்ததன்று. எந்தத் தொழிலில் இருக்கிறோம் என்பதும் ஒரு காரணம். “உழைத்தவர் மீண்டார், மற்றவர் வீழ்ந்தார்” என்று இதனைச் சுருக்கிச் சொல்லிவிடுவது நேர்மையாகாது.

அரசின் உதவியும் வந்தது. 2020 சூன் மாதம் தெருவோர வணிகருக்கெனப் ‘பிரதமர் ஸ்வநிதி’ திட்டம் தொடங்கப்பட்டது. தொடக்கத்தில் பிணையம் இன்றி 10,000 ரூபாய் வரை முதற்கடன் வழங்கப்பட்டது. ஆனால் கடன் பெற, தாம் வணிகர் என்பதற்குச் சான்று காட்ட வேண்டும். வங்கிக் கணக்கும் வேண்டும். இருபது ஆண்டுகள் ஒரே முனையில் இட்லி விற்றவரானாலும், ஒரு துண்டுத் தாளும் இல்லையெனில் அவர் ஏட்டில் வணிகர் அல்லர். காப்பீட்டுக்கும் இதுவே நிலை. சரக்கு வாங்கிய சீட்டு இல்லாதவரால் எத்துணைச் சரக்கு அழிந்தது என மெய்ப்பிக்க இயலாது. வெயில் காலத்தில் எழுதி வைக்கும் கணக்கு மழைக்காலத்தில் வேலை செய்கிறது.

ஏடு மட்டும் போதுமா? தமிழக வணிகர் இதற்கு முன்பே வேறொரு வழியைக் கண்டிருந்தனர். விருதுநகர், சிவகாசி முதலிய ஊர்களில் நாடார் வணிகர், தம் வாணிகத்தில் ஒரு சிறு பங்கை ‘மகமை’ என்னும் பெயரால் பொதுநிதியில் சேர்த்தனர். பள்ளிகளும் பொதுப்பணிகளும் அதனால் நடைபெற்றன. கூடிச் சேர்க்கும் அவ்வழக்கத்தில் ஊறிய அச்சமூகத்தாரே 1921இல் தூத்துக்குடியில் ஒரு வங்கியையும் தொடங்கினர். அது இன்று தமிழ்நாடு மெர்க்கன்டைல் வங்கி என வழங்குகிறது. தனியொருவரின் பெட்டியில் இருப்பதைவிடப் பொதுவில் இருப்பது இடர்க்காலத்தில் நீடித்து நிற்கும் என்பது அவர்களது கணக்கு. மும்பைச் சந்துகளில் மாதந்தோறும் நடக்கும் சீட்டும் இதன் எளிய வடிவமே. சீட்டு நடத்துபவர் நாணயமானவராக இருக்க வேண்டும் என்பது மட்டும் இதிலுள்ள இடர்!

பெருநிறுவனங்களுக்கும் ஒருவர்க்கொருவர் துணை தேவைப்பட்டதுண்டு. 1997 பிப்ரவரி 1 அன்று ஜப்பானில் ‘ஐசின்’ நிறுவனத்தின் ஆலை ஒன்று தீப்பற்றி எரிந்தது. டொயோட்டா மகிழுந்துகளின் பின்சக்கரத் தடை அழுத்தத்தைச் சீராக்கும் சிறிய வால்வு ஏறத்தாழ முழுவதும் அவ்வாலையிலேயே செய்யப்பட்டது. டொயோட்டாவிடம் இருந்த இருப்போ சில மணி நேரத்துக்குத்தான் போதும். வால்வு இல்லாமையால் ஆலைகள் நின்றன. அப்போது நூற்றுக்கும் மேற்பட்ட சிறிய, பெரிய நிறுவனங்கள், விலை பேசுவதைப் பின்னர் வைத்துக்கொண்டு, அவ்வால்வைச் செய்ய முன்வந்தன. அதுவரை வால்வே செய்திராத தையல் இயந்திர நிறுவனம் ஒன்றும் அவற்றுள் அடங்கும். ஏறத்தாழ ஒரு வாரத்தில் பெரும்பாலான ஆலைகள் மீண்டும் ஓடின. பல ஆண்டுகள் சேர்ந்து தொழில் செய்து பழகியவர்களால்தான் அது இயன்றது.

தாராவியிலும் அத்தகைய பழக்கம் உண்டு. ஒரு கூடத்தில் இயந்திரம் பழுதானால் பக்கத்துக் கூடத்தில் இரவு வேலையாகத் தைத்து முடிக்கலாம். தோல் வணிகர் முகம் பார்த்துக் கடன் கொடுப்பார். ஊருக்குச் சென்ற தொழிலாளர் தொலைபேசியில் அழைத்ததும் திரும்பி வருவதற்கு, மறுபக்கம் பேசுபவர் முன்னாளில் கூலியைக் குறித்த நாளில் தந்தவராக இருக்க வேண்டும். இவையெல்லாம் நடைத்தொலைவில் அனைவரும் இருப்பதால் நிகழ்பவை.

இப்போது அந்தச் சந்துகளே மாற இருக்கின்றன. மாநில அரசு 2004இல் தாராவி மறுசீரமைப்புத் திட்டத்தை அறிவித்தது. குடிசைகளின் இடத்தில் அடுக்குமாடிகள் எழும். தனிக் கழிப்பறையும் நல்ல குடிநீரும் வரும். கொரோனாக் காலத்தைக் கண்டவர் எவரும் அவற்றை வேண்டாம் என்று சொல்லமாட்டார். எனினும், தோல் வெட்டுபவர் ஒரு கட்டடத்தின் ஏழாம் மாடியிலும், தைப்பவர் வேறொரு பகுதியிலும் குடியேறினால் இடைவார் எவ்வாறு உருவாகும்? கும்பார்வாடாவின் சூளை எந்த மாடியில் எரியும்? குடும்பங்களுக்கு எத்தனை சதுர அடி என்பதைப் போலவே, எந்தக் கூடத்துக்கு அருகில் எந்தக் கூடம் என்பதும் வரைபடத்தில் இடம்பெற வேண்டும் என்பது அங்குத் தொழில் செய்வோர் பலரின் எதிர்பார்ப்பு.

அருஞ்சொற்பொருள்

பரண் – கூரைக்கு அடியில் பொருள் வைக்க அமைத்த மேல்தளம்
இடைவார் – இடுப்பில் கட்டும் தோல் பட்டை
கழிமுகம் – ஆறு கடலோடு கலக்கும் இடம்
பிணையம் – கடனுக்கு ஈடாக வைக்கும் பொருள்
சூளை – மட்கலம் சுடும் அடுப்பு

சிந்தித்து விடை எழுதுக

1. “எத்தனை நாளில் திறப்போம்?” என்னும் வினா ஏன் முதன்மையானது?
2. வெள்ளத்துக்கான ஏற்பாடுகள் 2016 நவம்பரில் ஏன் பயன்படவில்லை?
3. நும் வீட்டருகே உள்ள ஒரு கடைக்காரரிடமோ தொழில் செய்யும் உறவினரிடமோ, 2020இல் அவரது தொழில் எத்தனை நாள் மூடியிருந்தது, மீண்டும் திறக்க யார் உதவினார் எனக் கேட்டறிந்து பத்து வரிகளில் எழுதுக.