மணிபல்லவம்: இரு இனங்கள் உரிமை கோரும் தீவு

எல்கடுவையின் தேயிலை மலைகளிலிருந்து பார்த்தால் கடல் தெரியாது. ஆனாலும் இங்குள்ள தமிழருக்கும் வடக்கிலுள்ள தமிழருக்கும் பொதுவான ஒரு தீவு உண்டு. அது மணிபல்லவம். சாத்தனாரின் மணிமேகலையில் வரும் அதிசயத் தீவு அது.

புகாரில் உறங்கிய மணிமேகலையைத் தெய்வமொன்று அங்கே கொண்டுபோய் விடுகிறது. அங்குள்ள புத்த பீடிகையைக் கண்டதும் அவளுக்கு முற்பிறப்பு தெரிகிறது. கோமுகிப் பொய்கையிலிருந்து அமுதசுரபி அவள் கைக்கு வருகிறது.

இந்தத் தீவு எங்கே இருக்கிறது? குறிகட்டுவானிலிருந்து படகேறிப் போகும் நயினாதீவுதான் என்பது ஆய்வாளர் பலரின் கருத்து; மறுப்போரும் உண்டு. பீடிகைக்காக நாக அரசர் இருவர் போரிட, புத்தர் சமாதானம் செய்தார் என்கிறது காப்பியம். மகாவம்சத்திலும் ஏறக்குறைய இதே கதை உண்டு. தீவின் பெயர் மட்டும் நாகதீபம். இன்று நயினாதீவில் நாகபூசணி அம்மன் கோயிலும் நாகவிகாரையும் இருக்கின்றன. ஒரே கதையை வைத்துத்தான் இரு தரப்பும் உரிமை பேசுகின்றன. அந்தக் கதையோ ஆசனத்துக்காக நடந்த சண்டையை நிறுத்தியதைச் சொல்கிறது.

அமுதசுரபியை முதலில் வைத்திருந்தவன் ஆபுத்திரன். ஆளில்லாத மணிபல்லவத்தில் தனித்து விடப்பட்டான். பசித்தவருக்குக் கொடுக்க வழியில்லாதபோது தனக்கு மட்டும் சோறு எதற்கு என்று பாத்திரத்தைப் பொய்கையில் விட்டு, உண்ணாதிருந்து உயிர்விட்டான்.

முகாமில் சோற்றுக்கு வரிசையில் நின்றவர்களுக்கு அவன் மனம் விளங்கும்.