நண்பர் பெயரில் வரும் அழைப்பு

2015-ஆம் ஆண்டு அக்டோபர் 28-ஆம் நாள், முகநூல் நிறுவனர் மார்க் சக்கர்பெர்க் தில்லி ஐ.ஐ.டி.யில் மாணவர்களின் கேள்விகளுக்கு விடையளித்தார். இணையச் சமநிலை போன்ற பெரிய பொருள்களும் அன்று பேசப்பட்டன. ஆயினும் அரங்கைக் கலகலக்க வைத்தது ஓர் எளிய கேள்விதான். கேண்டி கிரஷ் விளையாட வருமாறு நண்பர்களிடமிருந்து ஓயாமல் வரும் அழைப்புகளை நிறுத்துவது எப்படி என்பதே அது. கூட்டத்திற்கு முன்பு இணையத்தில் கேள்விகளைத் திரட்டியபோது மிகுதியான ஆதரவைப் பெற்றதும் இக்கேள்வியே என்று அவரே கூறினார். விளையாட்டின் பக்கமே செல்லாதவர்களுக்கும் அழைப்பு அனுப்ப இடந்தரும் பழைய வசதிகள் சில இருப்பதை ஒப்புக்கொண்ட அவர், அவற்றைச் சீர்செய்யும்படி உரிய பொறுப்பாளருக்குத் தகவல் அனுப்பியிருப்பதாகவும் தெரிவித்தார்.

ஆண்டுகள் கடந்துவிட்டன. அழைப்புகள் நின்றபாடில்லை, இடம்தான் மாறியிருக்கிறது. முகநூலில் வந்தவை இன்று வாட்ஸ்அப்பிலும் டெலிகிராமிலும் குறுஞ்செய்தியிலும் வருகின்றன. அன்று தொல்லையாக மட்டும் இருந்தவற்றுள் சில, இன்று நம் வங்கிக் கணக்கின் வாசல் வரை வந்து நிற்கின்றன. எனவேதான் இப்பொருளை இவ்விதழில் எடுத்துக்கொள்கிறோம்.

அழைப்பது யார்?

நண்பர் ஒருவர் நம்மை நினைத்து, நம் பெயரைத் தேர்ந்து, அழைப்பு அனுப்பினார் என்றே நாம் எண்ணுகிறோம். பெரும்பாலும் உண்மை அதுவன்று. 2012-இல் முகநூலில் அறிமுகமான கேண்டி கிரஷ் சாகாவையே எடுத்துக்கொள்வோம். அதில் ஆடுபவருக்கு ஐந்து 'உயிர்கள்' உண்டு. தோற்கும் ஒவ்வொரு முறையும் ஓர் உயிர் குறையும். போன உயிர் ஒன்று திரும்பி வர அரை மணி நேரம் ஆகும். ஐந்தும் தீர்ந்தவர் முன்னே மூன்று வழிகள் இருந்தன: காத்திருக்கலாம், நண்பர்களிடம் கேட்டுப் பெறலாம், பணம் கொடுத்து வாங்கலாம்.

பொறுமை இல்லாதவரும் பணம் செலவிட விரும்பாதவரும் இரண்டாம் வழியைத்தான் நாடுவர். ஒரு பொத்தானை அழுத்தியதும் நண்பர் பட்டியல் விரியும். மறுமுறை அழுத்தினால் பலருக்கும் ஒரே நேரத்தில் வேண்டுகோள் போய்ச் சேரும். 2009 ஜூன் மாதத்தில் வெளிவந்து, 2020 டிசம்பர் 31-உடன் முகநூலில் விடைபெற்ற ஃபார்ம்வில் என்னும் பண்ணை விளையாட்டும் இதே உத்தியைக் கையாண்டது. அங்கே வயல் பெருக வேண்டுமானால் 'அண்டை வீட்டார்' வேண்டும். அண்டை வீட்டாரைச் சேர்க்க அழைப்பு அனுப்பியாக வேண்டும். விளம்பரத்திற்குச் செலவிடாமலேயே புதிய ஆட்களைத் திரட்ட, விளையாட்டு நிறுவனங்கள் கண்ட வழி இது. அவை பயன்படுத்திய முதல், நம் நட்பு.

பெயருக்குள்ள மதிப்பு

நட்பு முதலாகுமா என்று ஐயுறுவோர் எங்கள் கிளை அமைந்துள்ள மட்டாஞ்சேரியின் பஜார் சாலையில் ஒருமுறை நடந்து பார்க்கலாம். மிளகும் இஞ்சியும் ஏலமும் கைமாறிய கடைத்தெரு அது. குஜராத்தியரும் கொங்கணியரும் தமிழரும் மலையாளிகளும் அடுத்தடுத்து வாழ்ந்து வணிகம் செய்த இடம். இங்குள்ள யூதத் தெருவில்தான் 1957-இல் தொடங்கப்பட்ட இந்திய மிளகு மற்றும் நறுமணப் பொருள் வணிகச் சங்கம் மிளகுக்கான முன்பேர வணிகத்தை நடத்தியது. இத்தகைய வணிகத்தில், சரக்கு கைக்கு வருமுன்னே விலை முடிவாகிவிடும். அங்கே ஒருவரின் பெயர்தான் அவருடைய முதல் ஆவணம். தகுதியற்ற ஒருவரை அறிமுகம் செய்த தரகரின் அடுத்த சொல்லுக்குச் சந்தையில் விலை கிடையாது.

வங்கிகளிலும் இவ்வழக்கம் நெடுங்காலம் இருந்தது. புதிய கணக்குத் தொடங்க வருபவரை, ஏற்கெனவே கணக்கு வைத்திருக்கும் ஒருவர் கையெழுத்திட்டு அறிமுகம் செய்ய வேண்டும். இன்று அடையாள ஆவணங்கள் அந்த இடத்தைப் பெற்றுவிட்டன. எனினும், அறிமுகக் கையெழுத்து என்பது பொறுப்பு என்னும் உணர்வு மூத்த வாடிக்கையாளர்களிடம் இன்றும் உண்டு. விளையாட்டு அழைப்பும் ஓர் அறிமுகக் கையெழுத்துதான். கையெழுத்து இட்டவருக்கே தெரியாமல், ஒரு நொடியில் நூறு பேருக்கு இடப்படும் கையெழுத்து அது.

தொல்லை இழப்பாகும் இடங்கள்

முதல் இழப்பு, தகவல். 2018-இல் உலகையே உலுக்கிய கேம்பிரிட்ஜ் அனலிட்டிகா விவகாரம் இதற்குச் சான்று. ஆளுமையைக் கணிக்கும் பொழுதுபோக்கு வினா விடைச் செயலி ஒன்று முகநூலில் உலவியது. அதைப் பயன்படுத்தியவர்கள் ஏறக்குறைய 2.7 இலட்சம் பேர். ஆனால் தகவல் பறிபோயிருக்கக்கூடியவர்கள் 8.7 கோடி பேர் வரை என்று முகநூல் நிறுவனமே அறிவித்தது. இந்தியாவில் அச்செயலியை நிறுவியவர்கள் 335 பேர் மட்டுமே. பாதிக்கப்பட்டிருக்கக்கூடியவர்கள் 5,62,455 பேர். இவர்களுள் மிகப் பெரும்பாலோர் அச்செயலியைத் தொட்டதும் இல்லை. அவர்களுடைய நண்பர்கள் 'சம்மதம்' என்று அழுத்தினார்கள், அவ்வளவே. நண்பர்களின் தகவலையும் சேர்த்து அள்ளும் அந்த வழியை முகநூல் 2015-இல் அடைத்தது. ஆயினும், நம் தொலைபேசியில் உள்ள தொடர்பு எண்களைக் காண அனுமதி கேட்கும் செயலிகள் இன்றும் உள்ளன. அனுமதி அளித்தால், நம் உறவினர் எண்களையும் சேர்த்தே ஒப்படைக்கிறோம்.

இரண்டாம் இழப்பு, பணம். 'இந்த இணைப்பின் வழியே சேர்ந்தால் உங்களுக்கும் எனக்கும் ஊக்கத்தொகை' என்று சொல்லிவரும் அழைப்புகள் பலருக்கும் பழக்கமானவை. பணம் கட்டி ஆடும் இணையவழி விளையாட்டுகளைத் தடை செய்யும் சட்டத்தை நாடாளுமன்றம் 2025 ஆகஸ்ட் மாதத்தில் நிறைவேற்றியது. ஆகஸ்ட் 22 அன்று குடியரசுத் தலைவர் ஒப்புதல் அளித்தார். திறமையால் வெல்வதா, அதிர்ஷ்டத்தால் வெல்வதா என்னும் வேறுபாட்டை இச்சட்டம் பார்ப்பதில்லை. நடத்துபவருக்கு மூன்று ஆண்டு வரை சிறையும் ஒரு கோடி ரூபாய் வரை அபராதமும், விளம்பரம் செய்பவருக்கு இரண்டு ஆண்டு வரை சிறையும் 50 இலட்சம் ரூபாய் வரை அபராதமும் அதில் விதிக்கப்பட்டுள்ளன. இவ்விளையாட்டுகளுக்கான பணப் பரிமாற்றத்திற்கு வங்கிகள் துணைபோகவும் கூடாது. ஆகவே, 'முன்பணம் கட்டுங்கள், வென்றால் இரட்டிப்பு' என்று எவர் பெயரில் செய்தி வந்தாலும், அதன் பின்னால் இருப்பது சட்டத்திற்குப் புறம்பான விளையாட்டாகவோ வெறும் மோசடியாகவோதான் இருக்கும்.

மூன்றாவது, சிறுகச் சிறுகக் கழியும் தொகை. குழந்தையின் கையில் உள்ள தொலைபேசியில் பெற்றோரின் அட்டையோ யுபிஐ கணக்கோ இணைக்கப்பட்டிருக்கும். விளையாட்டுக்குள்ளே ஓர் உயிருக்கு, ஓர் ஆயுதத்திற்கு என்று சிறு தொகைகள் செல்லும். மாத இறுதியில் கணக்கறிக்கையைப் பார்க்கும்போதுதான் மொத்தத் தொகை கண்ணில் படும்.

நிறுத்தும் வழிகள்

முகநூலின் அமைப்புகளில் 'தடுத்தல்' என்னும் பகுதி உண்டு. பட்டியல்களின் பெயரும் இடமும் அவ்வப்போது மாறினாலும், அங்கே இரண்டு வசதிகளைத் தேட வேண்டும். ஒன்று, குறிப்பிட்ட ஒருவரிடமிருந்து வரும் செயலி அழைப்புகளை மட்டும் தடுப்பது. அவர் உங்கள் நண்பராகவே நீடிப்பார். அவருடைய வாழ்த்தும் படங்களும் வழக்கம்போல் வரும். விளையாட்டு அழைப்பு மட்டும் தானாகவே ஒதுக்கப்பட்டுவிடும். மற்றொன்று, குறிப்பிட்ட செயலியையே தடுப்பது. அதன்பின் யார் அழைத்தாலும் அச்செயலி உங்களை அணுகாது. பொதுவில் இல்லாத உங்கள் தகவலையும் முகநூல் வழியே பெறாது. ஒரே விளையாட்டுக்குப் பலர் அழைத்தால் இரண்டாவது வழியும், பல விளையாட்டுகளுக்கு ஒருவரே அழைத்தால் முதல் வழியும் ஏற்றவை. 'செயலிகளும் இணையதளங்களும்' என்னும் பகுதியில், முன்பு எப்போதோ அனுமதி அளித்து மறந்துபோன விளையாட்டுகளையும் நீக்கிவிடலாம்.

வாட்ஸ்அப்பில் 'தனியுரிமை' பகுதிக்குள் 'குழுக்கள்' என்பதைத் திறந்து, 'எனது தொடர்புகள்' என்று மாற்றிக்கொள்ளுங்கள். முன்பின் அறியாதவர் உங்களைக் குழுவில் நேரடியாகச் சேர்க்க இயலாது. தனி அழைப்பு மட்டுமே அனுப்ப முடியும். டெலிகிராமிலும் இதே போன்ற அமைப்பு உண்டு.

தொலைபேசியின் செயலிக் கடையில், ஒவ்வொரு கொள்முதலுக்கும் கடவுச்சொல் கேட்கும்படி அமைத்துவிடுங்கள். யுபிஐ செயலியில் தானியங்கிக் கழிவுக்கு நீங்கள் அளித்துள்ள ஒப்புதல்களின் பட்டியல் இருக்கும். வேண்டாதவற்றை அங்கேயே நீக்கலாம். தனிநபர் ஒருவர் மற்றொருவரிடம் யுபிஐ வழியே பணம் கோரி வேண்டுகோள் அனுப்பும் வசதியைத் தேசியக் கொடுப்பனவுக் கழகம் 2025 அக்டோபர் 1 முதல் நிறுத்தியதையும் இங்கே நினைவிற்கொள்ளலாம். வேண்டாத வேண்டுகோள் எவ்வளவு தீங்கு செய்யும் என்பதை உணர்ந்து எடுக்கப்பட்ட முடிவு அது. ஆயினும், கவனம் இன்னும் தேவை. பரிசு பெறுவதற்குக் கடவு எண் ஒருபோதும் வேண்டியதில்லை. பணம் செலுத்துவதற்கு மட்டுமே அது வேண்டும்.

பணம் போய்விட்டதாக ஐயம் எழுந்தால், 1930 என்னும் எண்ணை உடனே அழையுங்கள், தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்தில் பதிவு செய்யுங்கள், கிளைக்கும் தெரிவியுங்கள். ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6-இல் வெளியிட்ட சுற்றறிக்கையின்படி, வங்கியின் குறையோ வாடிக்கையாளரின் குறையோ இல்லாமல் வெளியாரால் நிகழ்ந்த இழப்பை மூன்று வேலை நாள்களுக்குள் தெரிவித்தால் வாடிக்கையாளருக்குப் பொறுப்பு இல்லை. கடவு எண்ணைத் தாமே பகிர்ந்திருந்தால், தெரிவிக்கும் நேரம் வரையிலான இழப்பு அவரையே சாரும். அதற்குப் பின் நிகழ்வது வங்கியின் பொறுப்பு. ஆகவே, கூச்சத்தால் தாமதிக்கும் ஒவ்வொரு மணி நேரத்திற்கும் விலை உண்டு.

தாட்சண்யத்தின் விலை

வழிகள் இவ்வளவு எளிமையாக இருந்தும் பலர் ஏன் தயங்குகிறார்கள்? 'அண்ணன் அனுப்பியிருக்கிறார், தடுத்தால் வருந்துவாரே'. 'மேலதிகாரியின் மனைவி அழைத்திருக்கிறார், எப்படி மறுப்பது' என்பவையே காரணம். தாட்சண்யத்திற்காக இட்ட ஜாமீன் கையெழுத்து என்ன பாடுபடுத்தும் என்பதை வங்கிப் பணியில் உள்ள நாங்கள் நன்கு அறிவோம். அங்கேயாவது கேட்பவர் எதிரில் நிற்கிறார். இங்கே கேட்பது இயந்திரம். நீங்கள் அழைப்பைத் தடுத்த செய்தி அண்ணனுக்குப் போவதில்லை. அவர் அழைத்ததை அவரே அறியாதிருக்கவும் கூடும். விளையாட்டை மறுப்பது நண்பரை மறுப்பதாகாது.

விளையாடுபவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். ஓய்வு நேரத்தில் ஆடி மகிழ்வதில் பிழையேதும் இல்லை. 'நண்பர்களை அழைக்கவா?' என்று திரை கேட்கும்போது, 'அனைவரையும்' என்று அழுத்துமுன் ஒரு கணம் நில்லுங்கள். அரை மணி நேரம் பொறுத்தால் உயிர் தானே திரும்பி வரும். பண ஆசை காட்டும் அழைப்பு உங்களுக்குத் தெரிந்தவர் பெயரில் வந்தால், அவரைத் தொலைபேசியில் அழைத்து, 'நீங்களா அனுப்பினீர்கள்?' என்று கேட்டுவிடுங்கள். அவருடைய கணக்கு வேறொருவர் கைக்குப் போயிருந்தால், அவருக்கு அந்தச் செய்தியை முதலில் சொன்னவர் நீங்களாக இருப்பீர்கள்.