புஷ்பாவுக்கு விசில்... கூலிக்கு குண்டு!

முறுக்கு மீசை என்றால் வீரப்பன். தாடைக்குக் கீழே புறங்கையை இழுத்துவிட்டால் ‘புஷ்பா’. சட்டத்துக்குத் தண்ணி காட்டுகிறவனை வில்லனாகப் பார்க்க நமக்கு மனசே வருவதில்லை!

இது நம் ஊர் வியாதி மட்டுமல்ல. 1930-களில் பொருளாதார வீழ்ச்சியில் அமெரிக்கா தவித்தபோது, வங்கிக் கொள்ளையன் ஜான் டில்லிஞ்சரை ஜனங்கள் ரசித்தார்கள். சேமிப்பை விழுங்கிய வங்கிகள் மீதிருந்த கோபம் அப்படி. 1934-ல் போனியும் கிளைடும் சுட்டுக்கொல்லப்பட்டபோது, உடல்களைப் பார்க்கவே கூட்டம் முண்டியடித்தது. அந்த ஜோடியின் கும்பல் கொன்ற போலீஸ்காரர்களின் பெயர் யாருக்கு ஞாபகம் இருக்கிறது?

இங்கேயும் அதே கதைதான். ‘மலையூர் மம்பட்டியான்’ 1983-ல் திரைக்கு வந்தான். வீரப்பன் 2004 அக்டோபர் 18 அன்று பாப்பாரப்பட்டி அருகே சுட்டுக்கொல்லப்பட்டு இத்தனை ஆண்டுகளாகியும், அவரைப் பற்றி 2023-ல் மட்டும் இரண்டு ஆவணத் தொடர்கள் வந்தன. 1993-ல் பாலாறு கண்ணிவெடியில் இறந்த 22 பேருக்கு அந்தப் புகழில் பங்கில்லை. அதிரடிப்படை தேடுதலில் சிக்கிச் சின்னாபின்னமான மலைக்கிராம மக்களுக்கும் இல்லை.

கோடாரி பிடித்த கைகள்

வேலூர், ஆம்பூர் பக்கத்துக்கு இந்தக் கதை இன்னும் நெருக்கம். ஆம்பூர், வாணியம்பாடி ஊர்களில் தோல் ஷாப்பும் ஷூ கம்பெனியும் சோறு போடுகின்றன. ஆனால், அந்தப் பக்கம் நிமிர்ந்து நிற்கும் ஜவ்வாது மலையில் சாமையை விட்டால் பெரிய வருமானம் கிடையாது. ஒரு காலத்தில் சந்தனத்துக்குப் பேர்போன மலை அது. திருப்பத்தூரில் அரசு சந்தனக் கிடங்கே இருக்கிறது. சந்தனம் அருகிப்போன பிறகு, மரம் வெட்டத் தெரிந்த கைகளைத் தேடி செம்மர ஏஜென்ட்கள் வந்தார்கள். அட்வான்ஸ் வாங்கியவர்கள் ஆந்திராவின் சேஷாசலம் காட்டுக்குப் போனார்கள்.

2015 ஏப்ரல் 7... அந்தக் காட்டில் தமிழ்நாட்டைச் சேர்ந்த 20 பேரை ஆந்திர அதிரடிப்படை சுட்டுக்கொன்றது. பெரும்பாலானோர் திருவண்ணாமலை, தர்மபுரி மாவட்டங்களின் ஏழைக் கூலிகள். ‘கல்லாலும் கோடாரியாலும் தாக்கினார்கள்’ என்றது போலீஸ். ‘பஸ்ஸில் போனவர்களை இறக்கிக் கொண்டுபோய்ச் சுட்டார்கள்’ என்றன மனித உரிமை அமைப்புகள். தேசிய மனித உரிமை ஆணையம் வரை விவகாரம் போனது.

ஆறே ஆண்டுகளில், 2021 டிசம்பரில் ‘புஷ்பா’ வந்தது. செம்மரம் வெட்டப்போன கூலி, கடத்தல் சாம்ராஜ்யத்துக்கே ராஜாவாகிறான். அல்லு அர்ஜுனுக்கு தேசிய விருதும் கிடைத்தது.

சினிமாவில் கூலி முதலாளியாகிறான். நிஜத்தில் முதலாளி வெளியே வருவதே இல்லை. மரத்தை வெட்டியவன்தான் ஜெயிலுக்கோ சுடுகாட்டுக்கோ போகிறான். அவன் வாங்கிய அட்வான்ஸ் கடன், மலையில் இருக்கும் அவன் பெண்டாட்டி தலையில்!