விருந்தாளிச் சுரம்

1916-ம் ஆண்டு. பல்லாவரத்தில் தம் இல்லத்தில் சுவாமி வேதாசலம் திருவருட்பாப் பாடல் ஒன்றைப் பாடிக் கொண்டிருந்தார். அருகில் அவருடைய மகள் நீலாம்பிகை. பாட்டின் நடுவே "தேகம்" என்ற சொல் வந்தது. அந்த இடத்தில் "யாக்கை" என்று தமிழ்ச் சொல் இருந்திருந்தால் இன்னும் எவ்வளவு இனிமையாக இருக்கும் என்றார் தந்தை. தனித்தமிழ் இயக்கம் அந்தப் பேச்சில் பிறந்தது என்பார்கள். வேதம் மறை ஆயிற்று; அசலம் மலை ஆயிற்று; வேதாசலம் மறைமலை அடிகள் ஆனார். சென்னையிலிருந்து செங்கற்பட்டுக்குப் போகும் சாலையில், தொழிற்சாலைகளின் நடுவே வளர்ந்திருக்கும் மறைமலை நகர் அவர் பெயரைத் தாங்கிய ஊர்தான்.

ஒரு பாட்டில் ஒரே ஒரு சொல்லை மாற்றினால் இத்தனை வேறுபாடு! சொல்லை விட்டுவிட்டு, ஒரே ஒரு சுரத்தை மாற்றினால் என்ன ஆகும்?

அந்த மறைமலை நகரில் ஒரு சிறுமி இருப்பதாக வைத்துக் கொள்வோம். வியாழக்கிழமை பாட்டு வகுப்பு. சனிக்கிழமை கீபோர்டு வகுப்பு. வியாழக்கிழமை பாட்டு டீச்சர், "இந்த ராகத்தில் அந்தச் சுரம் கிடையாது. அது அபசுரம்" என்று திருத்துகிறார். சனிக்கிழமை கீபோர்டு மாஸ்டர் அதே சுரத்தைச் சுட்டிக் காட்டி, "இதை விட்டு விட்டாயே! பாட்டுக்கு அழகே இதுதான்" என்கிறார். குழந்தை யார் சொல்வதைக் கேட்பது?

ஏழும் ஐந்தும்

கீபோர்டில் வெள்ளைக் கட்டைகள் ஏழு, அவற்றின் இடையே கறுப்புக் கட்டைகள் ஐந்து. ஆக ஒரு ஸ்தாயியில் பன்னிரண்டு. மேல்நாட்டார் "சி" என்று அழைக்கும் கட்டையை ஷட்ஜமாக வைத்துக்கொண்டு வெள்ளைக் கட்டைகளை மட்டும் வரிசையாக அழுத்தினால் நம்முடைய சங்கராபரணத்தின் சுரங்கள் கிடைக்கும். மத்தியமத்தை மட்டும் பக்கத்துக் கறுப்புக் கட்டைக்கு மாற்றினால் கல்யாணி. அது வீடு மாறிக் குடியேறுவது போன்றது.

மேல்நாட்டு சங்கீதத்தில் இன்னொரு வழியும் உண்டு. வீட்டை மாற்றுவதில்லை. வெள்ளைக் கட்டைகளிலேயே பாட்டு நடக்கும். இடையில் ஒரு கறுப்புக் கட்டை விருந்தாளி போல வந்து, பக்கத்துச் சுரத்தில் சாய்ந்து, போய்விடும். இதற்கு "குரோமாட்டிசம்" என்று பெயர். கிரேக்க மொழியில் "குரோமா" என்றால் நிறம். மறைமலை அடிகள் வழியில் தமிழாக்கினால் "நிறச்சுரம்" எனலாம்.

விருந்தாளி வந்தால் வீட்டில் கலகலப்பு உண்டாவது ஏன்? பன்னிரண்டு கட்டைகளில் அடுத்தடுத்த இரண்டுக்கு இடையே உள்ள தூரம் அரைச் சுரம். அதைவிடச் சிறிய இடைவெளி கீபோர்டில் கிடையாது. அவ்வளவு நெருக்கத்தில் ஒரு சுரம் நின்றால் பக்கத்துச் சுரத்துக்குப் போய்ச் சேரத் துடிக்கும். காதும் அதை எதிர்பார்க்கும். அந்தத் துடிப்புத்தான் நிறம்.

வீட்டுக்காரர் எங்கே?

17-ம் நூற்றாண்டின் இறுதியில் இங்கிலாந்தின் ஹென்றி பர்செல் "டைடோவும் ஈனியஸும்" என்ற இசை நாடகத்தை இயற்றினார். சாகப் போகும் அரசி டைடோவின் புலம்பலுக்குக் கீழே ஒரு மந்தரக் குரல் திரும்பத் திரும்ப இறங்கிக் கொண்டே இருக்கும். ஷட்ஜத்திலிருந்து பஞ்சமம் வரை, இரண்டு நிஷாதங்களையும் இரண்டு தைவதங்களையும் ஒன்று விடாமல் தொட்டு, அரை அரைப் படியாக இறங்கும். மொழி தெரியாதவர் கேட்டாலும் நெஞ்சு கனக்கும்.

நிறச்சுரம் அழ மட்டும்தான் வைக்கும் என்பதில்லை. ருஷ்யாவின் ரிம்ஸ்கி கோர்சகாவ் வண்டு பறப்பதை வயலின்களில் காட்ட, அதே அரைப் படிகளைப் படுவேகமாக ஓட விட்டார். கண்ணை மூடிக் கேட்டால் வண்டு காதைச் சுற்றும்!

1865-ல் மூனிச் நகரில் அரங்கேறிய வாக்னரின் "டிரிஸ்டானும் இசோல்டும்" நாடகத்தில் விருந்தாளிகள் பெருகினார்கள். ஒரு சுரம் தவித்துப் போய்ச் சேரும் இடத்தில் இன்னொரு தவிப்பு ஆரம்பமாகும். 1920-களில் ஷோன்பெர்க் பன்னிரண்டு சுரங்களுக்கும் சம உரிமை கொடுத்து ஒரு முறையையே வகுத்து விட்டார். யார் வீட்டுக்காரர், யார் விருந்தாளி என்ற பேச்சுக்கே அங்கே இடமில்லாமல் போயிற்று.

சண்டைக்கார அண்டை வீட்டார்

நம் பக்கம் கதை வேறு. 17-ம் நூற்றாண்டில் தஞ்சையில் வேங்கடமகி வகுத்த 72 மேளங்களில் 40 மேளங்களுக்கு "விவாதி" என்று பெயர். அடுத்தடுத்த சுரங்கள் தோளோடு தோள் நெருக்கி நிற்கும் மேளங்கள் அவை. முதல் மேளமான கனகாங்கியில் ஷட்ஜம், அதை அடுத்த கட்டையில் ரிஷபம், அதற்கும் அடுத்த கட்டையில் காந்தாரம் என்று மூன்றும் ஒட்டி நிற்கின்றன. விவாதி என்றால் சண்டைக்காரர். இவற்றைப் பாடினால் பாடுகிறவருக்குத் தீங்கு வரும் என்ற அச்சமும் சங்கீத உலகில் நெடுநாள் இருந்தது. "விவாதி தோஷம்" என்றே சொல்வார்கள்.

அந்த அச்சத்தைப் பொருட்படுத்தாதவர் கோடீசுவர ஐயர் (1870-1940). கவிகுஞ்சர பாரதியின் பேரர். 72 மேளங்களிலும், விவாதி மேளம் ஒன்றையும் ஒதுக்காமல், தமிழிலேயே கீர்த்தனைகள் இயற்றினார். "கந்த கானாமுதம்" என்ற அந்தத் தொகுதி இன்றும் பாடப்படுகிறது.

வேடிக்கை என்னவென்றால், கச்சேரிகளில் மங்கலமாக முதலில் பாடும் நாட்டை ராகமே விவாதிதான்! அதில் ரிஷபம், காந்தாரம், மத்தியமம் மூன்றும் அடுத்தடுத்த கட்டைகளில் வரும். அஞ்சியவர்கள் வீட்டு வாசலிலேயே சண்டைக்காரர் கோலம் போட்டுக் கொண்டிருந்தார்!

எட்டாவது சுரம்

சண்டைக்காரரைப் போலவே விருந்தாளிக்கும் நம் சங்கீதத்தில் இடம் உண்டு. அவருக்கு "அன்னிய சுரம்" என்று பெயர். அவரை ஏற்கும் ராகம் "பாஷாங்க ராகம்".

காம்போதியை எடுத்துக் கொள்வோம். அதன் தாய் ராகமான அரிகாம்போதியில் ஏழு சுரங்கள். நிஷாதம், கைசிகி நிஷாதம். ஆனால் காம்போதியில் "ச நி ப த ச" என்று ஒரு பிடி வரும்போது மட்டும், அரைப் படி மேலே உள்ள காகலி நிஷாதம் எட்டிப் பார்க்கும். ஆக எட்டுச் சுரங்கள்.

இந்த எட்டையும் அப்படியே வைத்துக்கொண்டு அமெரிக்காவுக்குப் போகலாம். 1940-களில் நியூயார்க்கில் சார்லி பார்க்கர் போன்ற இளைஞர்கள் "பீபாப்" என்னும் புதுவகை ஜாஸ் இசையை வளர்த்தார்கள். நம்முடைய கற்பனை சுரம் போல அங்கும் மேடையிலேயே மனோதர்மமாக வாசிக்க வேண்டும். அதில் ஒரு தாளச் சிக்கல். நான்கு அடி கொண்ட ஆவர்த்தத்தில் அடிக்கு இரண்டு சுரம் வாசித்தால் எட்டு இடங்கள். ஏழு சுர வரிசையை மேல் ஷட்ஜத்திலிருந்து இறங்கி வாசித்தால் கீழ் ஷட்ஜம் எட்டாவது இடத்திலேயே வந்து விடும். அடுத்த ஆவர்த்தத்தின் முதல் அடியில் விழாது. என்ன செய்வது? இரண்டு நிஷாதங்களையும் அடுத்தடுத்து வாசித்தார்கள். எட்டு இடத்துக்கு எட்டுச் சுரம்! ஷட்ஜம் சரியாக முதல் அடியில் விழுந்தது. ஷட்ஜம், கைசிகி நிஷாதம், பஞ்சமம், காந்தாரம் என்ற முக்கியமான நான்கும் நான்கு அடிகளில் அமர்ந்தன. பின்னாளில் ஜாஸ் ஆசிரியர்கள் இதற்கு "பீபாப் ஸ்கேல்" என்று பெயர் சூட்டினார்கள்.

அந்த எட்டும் காம்போதியின் எட்டும் ஒன்றே! ஆனால் நடத்தை வேறு. பார்க்கரின் வாத்தியத்தில் இரண்டு நிஷாதங்களும் தோளில் கை போட்டுக்கொண்டு இறங்கும். காம்போதியில் ஒன்று நுழையும்போது மற்றது ஒதுங்கி நிற்கும். இரண்டும் ஒட்டி வந்தால் ராகம் கெட்டு விடும். அங்கே விருந்தாளி தாளத்துக்கு உதவ வந்தவர். இங்கே ஒரு பிடிக்கு மெருகு கொடுக்க வந்தவர்.

ஒரே வாத்தியம்

பார்க்கர் வாசித்தது ஆல்டோ சாக்ஸபோன். அதே வாத்தியத்தில் காம்போதியும் வாசிக்கலாம் என்று காட்டியவர் மங்களூர்ப் பக்கத்துக் கத்ரி கோபால்நாத். சிறு வயதில் மைசூர் அரண்மனை பாண்டில் கேட்ட வாத்தியம் அவர் மனத்தைக் கவர்ந்தது. சென்னையில் டி.வி. கோபாலகிருஷ்ணனிடம் பயின்றார். சாவிகள் பன்னிரண்டு சுரங்களையும் தனித்தனியே நறுக்கித் தரும் அந்தக் குழலில், ஒரு சுரத்திலிருந்து இன்னொன்றுக்கு வழுக்கிப் போகும் கமகத்தை வரவழைக்க நெடுங்காலம் உழைத்தார். 2008-ல் வெளிவந்த "கின்ஸ்மென்" என்ற இசைத்தட்டில் அமெரிக்க ஜாஸ் கலைஞர் ருத்ரேஷ் மகந்தப்பாவும் அவரும் ஒரே வாத்தியத்தை அவரவர் வழியில் வாசித்தார்கள். "கின்ஸ்மென்" என்றால் உறவினர்கள். 2019-ல் கோபால்நாத் காலமானார்.

இனி அந்த மறைமலை நகர்ச் சிறுமிக்கு என்ன சொல்வது? பாட்டு டீச்சர் சொன்னதும் சரி. கீபோர்டு மாஸ்டர் சொன்னதும் சரி. சுரத்தில் குற்றமில்லை. எந்த வீட்டுக்கு, எந்த வாசல் வழியாக, யார் பக்கத்தில் உட்கார வந்தது என்பதுதான் கேள்வி.

வியாழக்கிழமை "ச நி ப த ச" என்று பாடட்டும். சனிக்கிழமை "ச நி நி த ப" என்று இரண்டு நிஷாதங்களையும் அடுத்தடுத்து அழுத்தி இறங்கட்டும். இரண்டையும் பழகிய காதுக்கு அபசுரம் எது, அழகு எது என்று தானாகவே தெரிந்துவிடும்.