கராச்சிப் பெண்ணின் கமரா

ஆவணப்படம் என்றால் கூட்டங்களில் காட்டப்படும், எப்போது முடியும் என்று நாம் காத்திருக்கும் படம் என்றே நெடுநாளாக நினைத்திருந்தேன். விவரணப்படம் என்றும் இதனைச் சொல்வார்கள். நடிகர்கள் இல்லை, எழுதிக் கொடுத்த வசனம் இல்லை. நடந்ததை, அதை அனுபவித்தவர்களின் வாயாலேயே சொல்ல வைப்பதுதான் இதன் வேலை. உயர்தரத்தில் ஊடகக் கற்கையை ஒரு பாடமாக எடுத்த பின்னர், ஒப்படை ஒன்றுக்காக ஆவணப்பட இயக்குநர் ஒருவரைப் பற்றி எழுத வேண்டியிருந்தது. அப்படித்தான் ஷர்மீன் உபைத் சினோய் எனக்கு அறிமுகமானார்.

"பொம்புளப் புள்ளைக்கு கமராவத் தூக்கிக்கிட்டு ஊர் சுத்துற தொழிலா?" என்று வாப்பா கேட்டார். ஒப்படையைத்தான் எழுதுகிறேன், தொழிலுக்குப் போகவில்லை என்று சொல்லிவிட்டு எழுத உட்கார்ந்தேன். ஆனால் அந்தக் கேள்வி மனதை விட்டுப் போகவில்லை.

ஷர்மீன் 1978இல் கராச்சியில் பிறந்தவர். பதினான்கு வயதிலேயே பத்திரிகைகளுக்கு எழுதத் தொடங்கினார். பதினேழு வயதில், செல்வாக்கு மிக்க வீட்டுப் பையன்கள் பாடசாலைப் பிள்ளைகளை மிரட்டி வந்ததைத் துருவி ஆராய்ந்து எழுதினார். கட்டுரை வெளியானதும் அவரது பெயரையும் குடும்பத்தின் பெயரையும் கெட்ட வார்த்தைகளோடு சேர்த்து அயலிலுள்ள சுவர்களில் எழுதி வைத்தார்கள். எங்கள் ஊரில் இப்படி நடந்தால் என்ன ஆகும் என்பது உங்களுக்கே தெரியும். பிள்ளையின் பேனாவை முதலில் பிடுங்கி வைப்பார்கள். அவருடைய தந்தையோ, நீ உண்மையைப் பேசினால் நான் உன்னோடு நிற்பேன் என்றாராம். ஷர்மீன் இந்தச் சம்பவத்தைப் பல மேடைகளில் நினைவுகூர்ந்திருக்கிறார்.

பின்னர் அமெரிக்காவில் ஸ்மித் கல்லூரியில் படித்தார். அதுவும் எமது கல்லூரியைப் போலப் பெண்களுக்கானதே. அங்கே அவர் கற்றது சினிமா அல்ல. 2001 செப்டம்பர் தாக்குதல்களுக்குப் பிறகு ஆப்கானிஸ்தானில் போர் மூண்டிருந்த காலம் அது. கராச்சித் தெருக்களில் அலைந்த ஆப்கான் அகதிச் சிறுவர்களைப் படமாக்க வேண்டும் என்று பல நிறுவனங்களுக்கு எழுதினார். அனுபவமில்லாத இளம் பெண் என்று கையை விரித்தார்கள். இறுதியில் அவரது கல்லூரியும் நியூயோர்க் டைம்ஸின் தொலைக்காட்சிப் பிரிவும் உதவின. 2003இல் வெளிவந்த 'டெரர்ஸ் சில்ட்ரன்' அவருடைய முதல் படம். அதன் பிறகே ஸ்டான்ஃபோர்டில் முதுமாணிப் பட்டங்களைப் பெற்றார்.

2012இல் பாகிஸ்தானுக்கு முதலாவது ஒஸ்கார் விருது கிடைத்தது. டானியல் ஜங் என்பவரோடு சேர்ந்து ஷர்மீன் இயக்கிய 'சேவிங் ஃபேஸ்' என்ற படத்துக்கே அந்த விருது. முகத்தில் அசிட் வீசப்பட்ட பெண்களையும், லண்டனிலிருந்து வந்து அவர்களுக்குச் சத்திரசிகிச்சை செய்யும் வைத்தியர் முஹம்மத் ஜவாதையும் பற்றிய படம் அது. ஆனால் படத்தில் தோன்றிய பெண்களில் சிலர், தம் முகம் சொந்த நாட்டில் காட்டப்படுவதை எதிர்த்தார்கள். உறவினர்கள் என்ன செய்வார்களோ என்ற பயம். இந்த இடத்தில் நான் அந்தப் பெண்களின் பக்கமே நிற்கிறேன். படப்பிடிப்பாளர்கள் பெட்டியைக் கட்டிக்கொண்டு போன பிறகும் அதே ஒழுங்கையில் வாழப் போகிறவர்கள் அவர்கள்தானே.

என்னை மிகவும் அலைக்கழித்தது 2015இல் வெளிவந்த 'எ கேர்ள் இன் த ரிவர்'. நாற்பது நிமிடப் படம். பஞ்சாபின் குஜ்ரன்வாலாப் பக்கத்தில், இருபது வயதைத் தாண்டாத ஒரு பெண் தான் விரும்பியவரைத் திருமணம் செய்கிறாள். குர்ஆனில் சத்தியம் செய்து அவளை வீட்டுக்கு அழைத்து வருகிறார்கள். தந்தையும் சாச்சாவும் அவளைச் சுட்டு, சாக்கில் போட்டு ஆற்றில் எறிகிறார்கள். கடைசி நொடியில் அவள் தலையைத் திருப்பியதால் குண்டு கன்னத்தைக் கிழித்துப் போனது. தண்ணீரிலிருந்து மீண்டு கரையேறினாள்.

ஷர்மீன் சிறையிலிருந்த தந்தையையும் சந்தித்தார். அந்த மனிதரிடம் கவலையில்லை. தன் மானம் காப்பாற்றப்பட்டது என்று கமராவைப் பார்த்துச் சொல்கிறார். இயக்குநர் இடையில் புகுந்து வசை பாடவில்லை. பேசவிட்டு விடுகிறார். அந்த அமைதிதான் நம்மைக் கதிரையில் நெளிய வைக்கிறது.

இங்கே சட்டத்தையும் கொஞ்சம் விளக்க வேண்டும். பாகிஸ்தானில் அப்போது பாதிக்கப்பட்டவரோ, அவர் இறந்துவிட்டால் வாரிசுகளோ மன்னித்தால் குற்றவாளி தண்டனையிலிருந்து தப்பலாம். மன்னிப்பு மார்க்கம் தந்த உயர்ந்த வாசல். ஆனால் கொன்றவன் மகனாகவும் மன்னிப்பவர் தந்தையாகவும் இருந்தால், அந்த வாசல் யாருக்குத் திறக்கிறது? இந்தப் பெண் உயிரோடு இருந்தாள், மன்னிக்க மாட்டேன் என்றாள். ஊர்ப் பெரியவர்கள் வந்தார்கள். ஒரே ஊரில் வாழ வேண்டுமே என்றார்கள். நீதிமன்றத்தில் மன்னித்தாள், மனதால் அல்ல. தந்தையும் சாச்சாவும் வீடு திரும்பினார்கள்.

2016 பெப்ரவரியில் அன்றைய பிரதமர் நவாஸ் ஷரீஃபின் அலுவலகத்தில் படம் திரையிடப்பட்டது. சில நாட்களில் ஷர்மீனுக்கு இரண்டாவது ஒஸ்கார். நாட்டின் பெயரைக் கெடுக்கிறார் என்று திட்டியவர்களும் குறைவில்லை. அதே வருடம் ஜூலையில் கந்தீல் பலோச் என்ற பெண் சகோதரனால் கொல்லப்பட, நாடே கொதித்தது. ஒக்டோபரில் பாராளுமன்றம் சட்டத்தைத் திருத்தியது. குடும்பம் மன்னித்தாலும் இத்தகைய கொலைக்கு ஆயுள் சிறை உண்டு என்றானது. ஒரு படத்தால் சட்டம் மாறியது என்று நான் எழுதமாட்டேன். அங்குள்ள பெண்கள் அமைப்புகள் பல காலமாகக் குரல் கொடுத்து வந்திருக்கின்றன. படம் அவர்கள் தட்டிய கதவை இன்னும் பலமாகத் தட்டியது.

ஒப்படைக்காக அந்தப் படத்தை இரண்டாம் முறை பார்த்தபோது வாப்பாவும் வந்து அமர்ந்தார். வேலை இருக்கிறது, பத்து நிமிடம்தான் என்றார். முடியும்வரை எழும்பவில்லை. நெடுநேரம் கழித்து, "அந்தப் புள்ள இப்ப எப்பிடி இரிக்கா?" என்று மட்டும் கேட்டார்.

ஷர்மீன் 2007இல் தொடங்கிய பாகிஸ்தான் பிரஜைகள் சுவடிக்கூடம், 1947 பிரிவினையைக் கண்ட முதியவர்களின் நினைவுகளைப் பதிவு செய்து வருகிறது. இதை வாசித்த பிறகு எங்கள் உம்மும்மாவிடம் 1978 சூறாவளி பற்றிக் கேட்டேன். ஓடு பறந்தது, தென்னைகள் சாய்ந்தது, பள்ளிவாசலில் தங்கியது என்று ஒரு மணித்தியாலம் பேசினார். கேள்வி கேட்டது நான். கைத்தொலைபேசியை ஆடாமல் பிடித்துக்கொண்டிருந்தவர் வாப்பா.