வெளியே சேஃப்டி பட்டனே இல்லாத துப்பாக்கி... `க்ளாக்' எப்படி வேலை செய்கிறது?

வில்லனின் நெற்றியில் ஹீரோ துப்பாக்கியை வைப்பார். `க்ளிக்' என்று ஒரு சத்தம் கேட்கும். துப்பாக்கியின் பின்பக்கம் இருக்கும் சுத்தியலைக் கட்டைவிரலால் இழுத்துவிட்டார், அடுத்து சுடப்போகிறார் என்று தியேட்டரே நிமிர்ந்து உட்காரும். ஆனால், ஹீரோவின் கையில் இருப்பது `க்ளாக்' பிஸ்டல் என்றால் அந்தச் சத்தம் டப்பிங்கில் சேர்த்ததாகத்தான் இருக்க வேண்டும். காரணம், க்ளாக்கில் வெளியே தெரியும் சுத்தியலும் கிடையாது, கட்டைவிரலால் தள்ளும் சேஃப்டியும் கிடையாது.

உலகம் முழுக்க போலீஸும் ராணுவமும் வைத்திருக்கும் துப்பாக்கி இது. நம் நாட்டின் என்.எஸ்.ஜி கமாண்டோக்களும் இதைப் பயன்படுத்துகிறார்கள். `அப்படிப்பட்ட துப்பாக்கியில் சேஃப்டி பட்டனே இல்லையா?' என்று கேட்கிறீர்களா? அந்தக் கேள்வியில்தான் க்ளாக்கின் மொத்தக் கதையும் இருக்கிறது.

திரைச்சீலைக் கம்பி செய்தவர்!

1980-ல் ஆஸ்திரிய ராணுவம், பழைய `வால்தர் பி38' பிஸ்டலுக்கு மாற்று தேடியது. எப்படி இருக்க வேண்டும் என்று 17 நிபந்தனைகளையும் போட்டது. களத்தில் இறங்கியவர் காஸ்டன் க்ளாக். வியன்னாவுக்கு அருகில் சின்னதாக ஒரு தொழிற்கூடம் நடத்திவந்தார். அவர் தயாரித்தது திரைச்சீலைக் கம்பிகள், ராணுவத்துக்கான கத்திகள். அப்போது அவருக்கு வயது 50-ஐ தாண்டிவிட்டது. அதுவரை ஒரு துப்பாக்கிகூட வடிவமைத்ததில்லை.

அதுவே அவருக்குப் பலமானது. `துப்பாக்கின்னா இப்படித்தான் இருக்கணும்' என்ற பழக்கம் அவரிடம் இல்லை. நிபுணர்களை அழைத்து, `ஒரு சிப்பாய்க்கு என்னதான் வேணும்?' என்று கேட்டார். முதல் மாதிரிகளை அவரே இடது கையால் சுட்டுப் பார்த்தாராம். வெடித்துத் தொலைத்தாலும் வரைபடம் வரைய வலது கை மிஞ்சுமே என்ற கணக்கு! பாரம்பர்யமான `ஸ்டெயர்' நிறுவனமும் இருந்த போட்டியில் க்ளாக் ஜெயித்தது. 1982-ல் ஆஸ்திரிய ராணுவம் அதை `பி80' என்ற பெயரில் ஏற்றுக்கொண்டது. காஸ்டனின் 17-வது காப்புரிமை என்பதால் அதற்கு `க்ளாக் 17' என்று பெயர். மேகஸினில் 17 தோட்டாக்கள் அடங்கும் என்பது கூடுதல் பொருத்தம்.

`பிளாஸ்டிக் துப்பாக்கி' உண்மையா?

பாதி உண்மை. கைப்பிடியும் அதோடு ஒட்டிய அடிப்பாகமும் பாலிமர். அதற்கு முன்பே 1970-ல் ஜெர்மனியின் `ஹெக்லர் அண்ட் கோக்' நிறுவனம் பாலிமர் பிஸ்டல் செய்திருந்தாலும், அதை உலகம் முழுக்கக் கொண்டுபோனது க்ளாக்தான். லாபம் எடையில் தெரியும். அமெரிக்க ராணுவம் பல்லாண்டுகள் வைத்திருந்த `எம்1911' ஒரு கிலோவைத் தாண்டும். க்ளாக் 17, மேகஸின் இல்லாமல் சுமார் 630 கிராம்தான். நாள் முழுக்க இடுப்பில் சுமக்கும் காவலருக்கு இது பெரிய நிம்மதி.

மேலே நகரும் `ஸ்லைடு', உள்ளே இருக்கும் குழல், ஸ்பிரிங்குகள் எல்லாம் உலோகம்தான். எடையில் பெரும்பங்கு அந்த உலோகத்தினுடையது. எனவே, விமான நிலைய ஸ்கேனருக்குத் தெரியாது என்பது கட்டுக்கதை. 1990-ல் வந்த `டை ஹார்டு 2' படத்தில் `க்ளாக் 7' என்ற ஜெர்மன் பீங்கான் துப்பாக்கி எக்ஸ்-ரேயில் தெரியாது என்று ஒரு வசனம் வரும். க்ளாக் 7 என்று ஒரு மாடல் கிடையாது, க்ளாக் ஜெர்மனியுடையது அல்ல, அதில் பீங்கானும் இல்லை!

ஒரு முறை சுட்டால் உள்ளே என்ன நடக்கும்?

இது `செமி ஆட்டோமேட்டிக்' ரகம். அதாவது, ட்ரிகரை ஒரு முறை இழுத்தால் ஒரு தோட்டாதான் போகும். அடுத்த தோட்டாவைத் துப்பாக்கியே தயார் செய்துவிடும். ஆனால், அது வெளியேற மறுபடி ட்ரிகரை இழுக்க வேண்டும்.

தோட்டா முன்னால் பாயும்போது அதன் எதிர்விசை ஸ்லைடைப் பின்னால் தள்ளுகிறது. ஸ்லைடும் குழலும் சில மில்லிமீட்டர் தூரம் சேர்ந்தே நகர்கின்றன. பிறகு குழலின் பின்பகுதி கீழே சாய்ந்து விலகிக்கொள்ள, ஸ்லைடு மட்டும் தொடர்ந்து பின்னால் போகிறது. காலி உறை வெளியே தெறிக்கிறது. திரும்பிவரும் ஸ்லைடு, மேகஸினிலிருந்து அடுத்த தோட்டாவை உள்ளே தள்ளுகிறது. எல்லாம் கண் சிமிட்டும் நேரத்துக்குள். இந்தச் சாயும் குழல் யோசனை க்ளாக்குடையது அல்ல, அமெரிக்கரான ஜான் பிரவுனிங் கொடுத்துவிட்டுப்போன சொத்து. அதையே மொத்தம் 34 பாகங்களுக்குள் சுருக்கியதுதான் க்ளாக்கின் சாமர்த்தியம்.

மூன்று பூட்டுகள், ஒரே சாவி

இப்போது அந்த சேஃப்டி கேள்விக்கு வருவோம். க்ளாக்கில் பூட்டு இல்லாமல் இல்லை, மூன்று இருக்கின்றன. எல்லாமே உள்ளுக்குள் தானாக இயங்குபவை.

* ட்ரிகர் பூட்டு: ட்ரிகரின் நடுவில் நாக்கு மாதிரி சின்ன நெம்பு இருக்கும். விரல் அதை நேராக அழுத்தினால்தான் ட்ரிகர் அசையும். பக்கவாட்டில் இடித்தால் அசையாது.

* ஃபயரிங் பின் பூட்டு: தோட்டாவின் பின்புறம் குத்தி அதை வெடிக்கவைக்கும் ஊசிதான் ஃபயரிங் பின். அதன் பாதையை ஒரு சின்ன உலோகத் தண்டு மறித்து நிற்கும். ட்ரிகரை இழுத்தால்தான் வழிவிடும்.

* கீழே விழுந்தால் காக்கும் பூட்டு: துப்பாக்கி கைதவறி விழுந்தாலும், அதிர்ச்சியில் ஊசி விடுபடாமல் பிடித்துவைக்கும்.

சுத்தியலுக்குப் பதிலாக, பாதி மட்டும் இழுபட்ட நிலையில் அந்த ஊசி காத்திருக்கும். ட்ரிகரை இழுக்கும்போது மீதியும் இழுபட்டு, மூன்று பூட்டுகளும் ஒன்றன்பின் ஒன்றாக விலகும். விரலை எடுத்தால் மீண்டும் பூட்டிக்கொள்ளும். நிறுவனம் இதற்கு வைத்த பெயர் `சேஃப் ஆக்‌ஷன்'. உயிர் போகும் பதற்றத்தில் கட்டைவிரலால் பட்டனைத் தேடவைக்கக் கூடாது என்பதுதான் நோக்கம்.

சிக்கல் எங்கே?

மூன்று பூட்டுக்கும் ஒரே சாவி, ட்ரிகரின் மேல் படும் விரல். அந்த விரல் வேண்டுமென்று அழுத்தியதா, பதற்றத்தில் அழுத்தியதா என்பது துப்பாக்கிக்குத் தெரியாது. உறையில் சொருகும்போது சட்டை நுனி ட்ரிகருக்குள் மாட்டிக்கொண்டாலும் ஆபத்துதான்.

இன்னொரு முக்கியமான விஷயம். சுத்தம் செய்ய க்ளாக்கைப் பிரிக்க வேண்டுமென்றால், முதலில் ட்ரிகரை ஒரு முறை இழுத்தாக வேண்டும். `மேகஸினைக் கழற்றியாச்சு, இனி காலிதான்' என்று நினைத்து இழுப்பவர் இங்குதான் ஏமாறுகிறார். மேகஸின் போனாலும் குழலுக்குள் ஏற்கெனவே ஏறிய ஒரு தோட்டா அங்கேயே இருக்கும். அது வெடிக்கும். அதனால்தான் பயிற்சியில் மேகஸினை எடுத்த பிறகு, ஸ்லைடை இழுத்து, உள்ளே கண்ணால் பார்த்து, விரலாலும் தொட்டுப் பார்க்கச் சொல்கிறார்கள்.

இந்தப் பயத்தில் நியூயார்க் போலீஸ் வேறு வழி தேடியது. சாதாரண க்ளாக் ட்ரிகரை இழுக்க சுமார் இரண்டரை கிலோ விசை போதும். அவர்களோ ஐந்து கிலோவுக்கும் அதிகமாகக் கேட்கும் கடினமான ட்ரிகரைப் பொருத்தினார்கள். தவறுதலாகச் சுடுவது குறையலாம். ஆனால், அவ்வளவு பலமாக இழுக்கும்போது கை ஆடி, குறி தப்பும். தப்பிய குண்டு தெருவில் போகும் யார்மீதும் படலாமே என்ற விமர்சனம் எழுந்தது. 2013-ல் பிரிட்டிஷ் ராணுவம் க்ளாக் 17-ஐத் தேர்ந்தெடுத்தது. அமெரிக்க ராணுவமோ கட்டைவிரல் சேஃப்டி கட்டாயம் வேண்டும் என்றது. அந்தப் போட்டிக்கு க்ளாக்கே கட்டைவிரல் சேஃப்டி வைத்த மாதிரியைத்தான் அனுப்பியது. 2017-ல் ஜெயித்தது `சிக் சாவர்'.

எண்களில் குழப்பமா?

க்ளாக்கின் மாடல் எண்ணுக்கும் அளவுக்கும் சம்பந்தமில்லை. வந்த வரிசைதான் எண். 17 முழு அளவு, 19 கொஞ்சம் சிறியது, 26 உள்ளங்கைக்குள் அடங்கும் குட்டி. 1998-ல் வந்த மூன்றாம் தலைமுறையில் கைப்பிடியில் விரல் பள்ளங்களும், டார்ச் மாட்ட வசதியும் வந்தன. 2010-ன் நான்காம் தலைமுறையில், கையின் அளவுக்கு ஏற்ப பின்பட்டையை மாற்றலாம். 2017-ன் ஐந்தாம் தலைமுறையில், எல்லா விரலுக்கும் பொருந்தாத அந்தப் பள்ளங்களை எடுத்துவிட்டார்கள். ஸ்லைடை விடுவிக்கும் நெம்பை இரண்டு பக்கமும் வைத்ததால் இடதுகைக்காரர்களுக்கும் வசதி.

இத்தனை மாற்றங்களிலும் மாறாதது, பூட்டுகளைத் திறக்கும் சாவி விரலிடமே இருப்பது. காஸ்டன் க்ளாக் 2023 டிசம்பரில், 94 வயதில் இறந்தார். கைதவறி விழுந்தால் வெடிக்காத துப்பாக்கியை அவரால் செய்ய முடிந்தது. ட்ரிகரைத் தவறாக இழுக்கும் விரலைத் தடுக்கும் பூட்டு அதில் இல்லை. அதனால்தான் துப்பாக்கிப் பயிற்சியில், `சுடுவது என்று முடிவெடுக்கும்வரை விரல் ட்ரிகருக்கு வெளியே இருக்கட்டும்' என்பதைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொடுக்கிறார்கள்.